மாயாவின் சாமத்திய வீட்டில் நான் போட்ட பாட்டு

எங்கள் ஆட்களுக்கு ஒரே வசனத்தில் விளங்கப்படுத்த முடியாத படிப்பை யாரும் படிக்கக்கூடாது. படித்தால் அந்த வசனத்தை அம்மாவே தயாரித்துவிடுவார். நான் சமூக மானிடவியலில் முனைவர் பட்டத்துக்கு ஆய்வு செய்துகொண்டிருந்தேன். கானா நாட்டின் வடபகுதியில் ஒரு கிராமத்தில் மக்கள் எதை நம்புகிறார்கள், அந்த நம்பிக்கையை வைத்துக்கொண்டு நாளாந்தம் எப்படி வாழ்கிறார்கள் என்று பார்ப்பதுதான் வேலை. அம்மா, நாங்கள் இருக்கும் டேனிஷ் நகரமான இக்காஸ்ட் முழுக்கச் சொல்லி வைத்திருந்தது: "தர்சினி ஆப்பிரிக்காவில டொக்டருக்குப் படிக்கிறாள்." அதனால் நான் ஊருக்கு வரும்போதெல்லாம் (ஊர் என்றால் இக்காஸ்ட்தான், யாழ்ப்பாணத்தை விட்டு வந்தபோது எனக்குச் செருப்பை மாற்றிப் போடுகிற வயது) யாராவது ஒருவர் முழங்காலை நீட்டிக்கொண்டு காத்திருப்பார்.

ஒருமுறை அம்மாவுக்கு உண்மையைச் சொல்லிப் பார்த்தேன். சூனியம், முன்னோர் வழிபாடு, குறி கேட்பது எல்லாவற்றையும் விளக்கினேன். அம்மா கத்தரிக்காய் வெட்டிக்கொண்டே கேட்டார்.

"உதைக் கேக்கவே பிளேனில போனனீ? என்னட்டக் கேட்டிருக்கலாமே."

என் ஆய்வின் பொருள் திரும்பி வராதவர்கள். அந்தக் கிராமத்து ஆண்கள் பலர் தெற்கே வேலை தேடிப் போவார்கள். சிலர் வரமாட்டார்கள். செய்தியும் வராது. அங்கே ஒருவருக்குச் செத்தவீடு செய்து முடித்தால்தான் அவர் இறந்தவர். அதுவரைக்கும் அவருடைய மனைவி விதவையுமில்லை, விதவையில்லை என்றும் சொல்ல முடியாது. தாங்க முடியாமல் போகும்போது அந்தப் பெண்கள் குறி சொல்லும் முதியவர் ஒருவரிடம் போவார்கள். அவர் இருட்டான ஒரு சிறு மண்வீட்டுக்குள் இருந்து சுரைக்குடுவைக் கிலுகிலுப்பையைக் குலுக்கி முன்னோரைக் கூப்பிடுவார். நான் மூலையில் குந்தியிருந்து கைப்பேசியில் பதிவு செய்வேன். அந்த ஊர்ப் பள்ளிக்கூட ஆசிரியர் அடோங்கோ எனக்குப் பக்கத்தில் இருந்து காதுக்குள் ஆங்கிலத்தில் மொழிபெயர்ப்பார்.

இப்படி ஒரு பெண் எங்கள் குடும்பத்திலேயே இருந்தார் என்பது அந்த நேரம் என் மூளைக்கு உறைக்கவில்லை. இவ்வளவுக்கும் எனக்குப் புலமைப்பரிசில் வேறு தந்திருந்தார்கள்.

அவர் சரசு மாமி, அப்பாவின் தங்கை. மாமா ஒருநாள் காலமை சந்தைக்கென்று சைக்கிளில் போனவர். சோதனைச் சாவடியில் மறித்ததைக் கண்டதாக ஒருவர் சொன்னார். அதோடு சரி. ஆளும் வரவில்லை, உடலும் வரவில்லை, சைக்கிளும் வரவில்லை. மாமி கைக்குழந்தையாக இருந்த மகன் ரமணனைத் தூக்கிக்கொண்டு டென்மார்க்குக்கு வந்து சேர்ந்தார். வயோதிபர் இல்லத்தில் வேலை செய்து அவனை வளர்த்தார். குங்குமப் பொட்டை அவர் அழிக்கவில்லை. ஆனால் நல்ல காரியங்களில் முன்னுக்கு வந்து நிற்பதுமில்லை. எங்கள் வீட்டு விசேஷப் படங்களில் மாமியைத் தேடினால் ஒரு தூணுக்குப் பின்னால் பாதி முகம் கிடைக்கும்.

ரமணனின் மகள் மாயா பெரியபிள்ளை ஆனாள். இக்காஸ்டில் ஒரு மண்டபம் எடுத்து சாமத்திய வீடு வைத்தார்கள். நவம்பர் மாதம், சனிக்கிழமை மத்தியானம். டென்மார்க்கின் யூட்லாந்துப் பக்கத்து நவம்பர் மத்தியானத்தைத் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன்: அது மத்தியானமே இல்லை. அன்று முன்னால் நிற்பவரையே மறைக்கும் பனிப்புகார் வேறு. ரயிலால் இறங்கி நடந்து வந்தபோது மண்டபத்தின் கதவு எனக்கு முன்னால் திடீரென்று முளைத்தது. வாகனத் தரிப்பிடத்தில் பட்டுச்சேலைகள் மட்டும் தெரிந்தன, ஆட்கள் தெரியவில்லை. சிவப்பும் மஞ்சளுமாகச் சேலைகள் தனியே மிதந்து போவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். (இதை நான் ஒரு கெட்ட அறிகுறியாக எடுத்திருக்கவேண்டும். அறிகுறிகள் பற்றி ஓர் அத்தியாயமே எழுதியிருந்தேன்.)

உள்ளே குசினியில் ஒரு மெல்லிய சண்டை. மாயா பல்லக்கில் வந்து இறங்கும்போது இரண்டு பெண்கள் ஆராத்தி எடுக்கவேண்டும். ஒருவர் என் அம்மா. மற்றது யார்?

"என்ர அம்மாதான்," என்றான் ரமணன்.

அவனுடைய மனைவியின் பெரியம்மா தேங்காய்ச் சொட்டுத் தட்டைப் பார்த்துக்கொண்டு சொன்னார், "நாங்கள் ஒண்டும் சொல்லேல்லைத் தம்பி. பிள்ளைக்கு நல்லது நடக்கோணும் எண்டுதான்..."

"என்ர அப்பா செத்ததெண்டு ஆர் உங்களுக்குச் சொன்னது?"

"இருக்கிறார் எண்டும் ஒருத்தரும் சொல்லேல்லைத்தானே."

அப்போது சரசு மாமி, வடைச் சட்டியிலிருந்து திரும்பாமலே, "ரமணா, சும்மா இரு. நான் இஞ்ச நிக்கிறன். வடை கருகப்போகுது," என்றார். வடை கருகவில்லை. நான் பார்த்தேன், அடுப்பே அணைந்துதான் இருந்தது.

இந்த இடத்தில் ஒரு நல்ல மருமகள் மாமியின் பக்கத்தில் போய் நின்றிருப்பாள். நான் என்ன செய்தேன் என்றால், 'அட, என் ஆய்வேட்டின் மூன்றாம் அத்தியாயம்!' என்று நினைத்துப் புல்லரித்துப்போனேன்.

புல்லரித்துக்கொண்டு நின்றவளை ரமணன் தோளில் தட்டினான். "மச்சாள், பாட்டுப் போடுற பெடியன் காய்ச்சலெண்டு வரேல்லை. நாதஸ்வரத்தை உனக்கு அனுப்பிவிட்டிருக்கிறன். பல்லக்கு உள்ளுக்க வரேக்க ஒரு பொத்தானை அமத்தினால் சரி. உன்னால ஏலுந்தானே?"

முனைவர் பட்டம் வரை வந்தவளிடம் கேட்கும் கேள்வியா இது? "ஓமோம்," என்றேன். என் கைப்பேசியை மண்டபத்து ஒலிபெருக்கியோடு இணைத்தேன். மேடையோரம், புகை இயந்திரத்துக்குப் பக்கத்தில் எனக்கு இடம் தந்தார்கள்.

விளக்குகளைக் குறைத்தார்கள். இயந்திரம் வெள்ளைப் புகையைக் கக்கத் தொடங்கியது. வெளியே இருந்த புகாரும் திறந்த கதவால் உள்ளே வந்தது. எது எங்கே முடிகிறது என்று தெரியவில்லை. அந்த வெள்ளைக்குள் நான்கு இளந்தாரிகள் பல்லக்கைத் தூக்கிக்கொண்டு வாசலில் தோன்றினார்கள். ரமணன் கையைக் காட்டினான். நான் பொத்தானை அமர்த்தினேன்.

கைப்பேசிக்கு நாதஸ்வரமும் ஒன்றுதான், மற்றதும் ஒன்றுதான். கடைசியாக எதைக் கேட்டுக்கொண்டிருந்தோமோ அதை விட்ட இடத்திலிருந்து தொடங்கும். ரயிலில் வரும்போது நான் கேட்டுக்கொண்டு வந்தது, கானாவில் அந்தக் குறி சொல்லும் முதியவரின் பதிவு.

முதலில் கிலுகிலுப்பை. மண்டபத்தின் பெரிய ஒலிபெருக்கிகளில் அது கிலுகிலுப்பை மாதிரிக் கேட்கவில்லை. உலர்ந்த எலும்புகளைச் சாக்கில் போட்டு யாரோ இழுத்துவருவதுபோல் இருந்தது. பிறகு மூச்சு. ஒரு கிழவரின் நீண்ட, சளி கட்டிய மூச்சு, இருநூறு பேரின் பிடரிக்குப் பின்னால் நின்று விடுவதுபோல். நான் பதறிப்போய் நிறுத்தப் பார்த்தேன். விரலில் சந்தனம். திரை கேட்கவில்லை. சேலைத் தலைப்பால் துடைக்கப் போக, கைப்பேசி நழுவி மேடைக்குக் கீழே போய்விட்டது. குப்புற விழுந்து தேடினேன். புகைக்குள் என் கையே எனக்குத் தெரியவில்லை.

"தர்சினி! என்னத்தைப் போட்டனீ? நிப்பாட்டு!" ரமணனின் குரல் எங்கிருந்து வருகிறதென்று தெரியவில்லை.

பல்லக்கு நடுவழியில் நின்றுவிட்டது. கிலுகிலுப்பை ஓய்ந்தது. எங்கோ ஓர் ஆடு கத்தியது. (கானாவில்.) பிறகு முதியவர் பேசினார். அதுவரை இருந்த குரலில்லை. தாழ்ந்த, களைத்த, தூரத்தில் நிற்கும் ஒருவரின் குரல்.

"கிளி," என்றது. "கிளி... வாறன் கிளி."

இந்தப் பதிவை அதற்கு முன் எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன். அந்த இடத்துக்கு நேரே 'விளங்கவில்லை' என்று எழுதிவைத்திருந்தேன். மேடைக்குக் கீழே, தூசிக்குள் வயிறு படக் கிடந்தபோதுதான் அது தமிழாகக் கேட்டது. கேட்ட பிறகு அதை வேறு மாதிரிக் கேட்க முடியவில்லை. நம்பிக்கைகளை வெளியே நின்று ஆராய்வது எப்படி என்று முதலாமாண்டு மாணவர்களுக்கு நான் பாடம் எடுத்துக்கொண்டிருந்தேன். இங்கே என் பற்கள் ஒன்றோடொன்று அடித்துக்கொண்டன.

அதோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. அடுத்ததாக ஒலிபெருக்கியில் ஒரு பெண்ணின் குரல், மெல்ல, தெளிவாக, சம்மதம் சொல்வதுபோல் "ஓம்," என்றது.

அது என்னுடைய குரல்.

கைப்பேசி கையில் தட்டுப்பட்டது. நிறுத்தினேன். மேடைக்குக் கீழிருந்து தலையை வெளியே நீட்டியபோது புகை கொஞ்சம் அடங்கியிருந்தது. மண்டபம் முழுக்க என்னையே பார்த்துக்கொண்டிருந்தது. இக்காஸ்டில் என் குரலைத் தெரியாதவர்கள் யாருமில்லை. சின்ன வயதில் எல்லா விழாவிலும் தேவாரம் பாடினவள் நான். ஆப்பிரிக்காவுக்குப் போய்ச் செத்தவர்களோடு கதைக்கிற படிப்புத்தான் இவள் படிக்கிறாள் என்று அன்று எல்லோருக்கும் ஒரே நேரத்தில் விளங்கிவிட்டது. என் முடியில் ஒரு பழைய பலூன் துண்டு ஒட்டியிருந்ததை அம்மா பிறகு சொன்னார்.

குசினிக் கதவில் சரசு மாமி நின்றார். கையில் அகப்பை.

"என்னைத்தான் கூப்பிடுறார்," என்றார்.

யாருக்கும் விளங்கவில்லை. அம்மா மட்டும் வாயைப் பொத்திக்கொண்டார். மாமாவும் மாமியும் கலியாணம் செய்த புதிதில் எங்கள் அம்மா அப்பாவோடு ஒரே வீட்டில்தான் இருந்தார்கள். அறைக்குள் மாமா மாமியை எப்படிக் கூப்பிடுவார் என்று அந்த மண்டபத்தில் அம்மா ஒருவருக்குத்தான் தெரியும். ரமணனுக்கே தெரியாது.

மாமி அகப்பையை வாசலோரக் கதிரையில் வைத்தார். சேலைத் தலைப்பால் கையைத் துடைத்தார். புகைக்குள்ளால் நடந்து வந்து ஆராத்தித் தட்டின் ஒரு பக்கத்தைப் பிடித்தார்.

ரமணனின் மனைவியின் பெரியம்மா வாயைத் திறந்தார். மாமி அவரைப் பார்த்துச் சாதாரணமாகச் சொன்னார், "வாறன் எண்டு சொல்லுறார். உங்களுக்கும் கேட்டதுதானே?"

பெரியம்மாவுக்கும் கேட்டிருந்தது. அவருடைய முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. வாயை மூடிக்கொண்டார்.

அம்மாவும் மாமியுமாக ஆராத்தி எடுத்தார்கள். நாதஸ்வரம் இல்லை. யாரும் என்னைப் பொத்தானை அமர்த்தச் சொல்லவில்லை, நானும் தொடவில்லை. பல்லக்கிலிருந்து இறங்கிய மாயா குங்கும நீரில் சுற்றி வந்த வெளிச்சத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு டேனிஷில் தகப்பனிடம் கேட்டாள்: "அந்தக் கிழவர் ஏன் கோழிக்குஞ்சைக் கூப்பிட்டார்?" டேனிஷில் கோழிக்குஞ்சுக்கு ஏறத்தாழ அதே ஓசைதான். அவளுடைய சிநேகிதிகள் எல்லோருக்கும் கோழிக்குஞ்சுதான் கேட்டிருந்தது. அந்த நேரம் சிரித்தவர்கள் அவர்கள் மட்டும்தான்.

சாப்பாடு நடந்தபோது நான் மாமியைத் தேடிப்போனேன். வழக்கமாக இருக்கும் மூலையில் அவர் இல்லை. முன்வரிசையில் கால் நீட்டி உட்கார்ந்திருந்தார். அவருக்குப் பக்கத்தில் இருந்து எல்லாவற்றையும் சொன்னேன். அது கானாவில் எடுத்த பதிவு, பேசுவது அந்த ஊர்க் கிழவர், அவருக்குத் தமிழ் தெரியாது, ஓசைகள் தற்செயலாக அப்படி விழுந்திருக்கும், இரைச்சலுக்குள் மனித மூளை தனக்கு வேண்டியதைக் கேட்டுக்கொள்ளும். நன்றாகத்தான் விளக்கினேன். இதைவிட நன்றாக நான் எந்தக் கருத்தரங்கிலும் பேசியதில்லை.

மாமி பாயசத்தை ஊதிக்கொண்டு கேட்டார். கடைசியில், "நீ என்னத்துக்குப் பிள்ளை ஓம் எண்டனீ?" என்றார்.

"அது... எனக்கு விளங்காட்டி ஓம் எண்டு சொல்லுறது பழக்கம், மாமி."

"நல்ல பழக்கம்," என்றார் மாமி.

"வேணுமெண்டால் இன்னொருக்காப் போட்டுக் காட்டுறன். ஆறுதலாக் கேட்டுப் பாருங்கோ. அப்ப தெரியும்."

மாமி தலையை ஆட்டினார். "வேண்டாம். ஒருக்காக் கேட்டது காணும். ரெண்டாந்தரம் கேட்டால் வேற மாதிரிக் கேக்கும்."

அன்றிரவு அம்மா வீட்டில் எனக்குச் சரியான தூக்கமில்லை. விடிந்ததும் அந்தத் துண்டை மட்டும் வெட்டி அடோங்கோவுக்கு அனுப்பினேன். இது உங்கள் மொழியில் என்ன என்று கேட்டேன். சாதாரணமான ஒரு பதில் வரும், அதை மாமியிடம் சொல்லாமல் எனக்குள் வைத்துக்கொள்ளலாம் என்று நினைத்தேன். 'தண்ணீர் கொண்டு வா' என்றோ, 'ஆட்டை அவிழ்த்து விடு' என்றோ ஏதாவது.

மத்தியானம் அடோங்கோவே தொலைபேசியில் வந்தார். யன்னலுக்கு வெளியே புகார் அப்படியே நின்றது. முன்வீட்டைக் காணவில்லை.

"அன்று வந்த பெண் நினைவிருக்கிறதா?" என்று கேட்டார். நினைவிருந்தது. புருஷன் தெற்கே போய்த் திரும்பாதவள். "அவளுக்குக் கிழவர் பதில் சொல்லி முடித்துவிட்டார். உன் புருஷன் வேறொருத்தியோடு சுகமாக இருக்கிறான், காத்திருக்காதே என்றார். அவள் திட்டிக்கொண்டு எழுந்து போனாள். நீங்கள் கேட்டிருப்பது அதற்குப் பிறகு வரும் துண்டு."

"அதில் என்ன சொல்கிறார்?"

"அது எங்கள் மொழியில்லை."

நான் கைப்பேசியைக் காதோடு இன்னும் அழுத்தினேன்.

"பக்கத்து ஊர் மொழியுமில்லை. கிழவர் உங்கள் பக்கம் திரும்பிச் சொன்னார். நீங்களும் பதில் சொன்னீர்கள். உங்கள் வீட்டு விஷயம் என்று நினைத்தோம். அதனால்தான் நான் மொழிபெயர்க்கவில்லை. அடுத்தவர் குடும்பக் கதையில் தலையிடக்கூடாதல்லவா?"

"அவரிடம் இப்போது கேட்க முடியுமா?"

"கேட்டேன். தனக்கு ஞாபகமில்லை என்கிறார். வாய் தன்னுடையது, பேசியது யாரென்று அவருக்கு எப்படித் தெரியும்?" இதை அடோங்கோ, தபாற்காரன் கடிதத்தைப் பிரித்துப் படிப்பானா என்று கேட்கும் தொனியில் சொன்னார். பிறகு வழக்கம்போல அம்மாவின் சுகம், அப்பாவின் சுகம், டென்மார்க்கின் குளிர் எல்லாம் விசாரித்துவிட்டு வைத்தார்.

அன்றைய மண்வீட்டை நினைத்துப் பார்த்தேன். கிழவர் என் பக்கம் திரும்பியது நினைவுக்கு வந்தது. ஆனால் என்னைப் பார்க்கவில்லை. என் தோளுக்கு மேலால், எனக்குப் பின்னால் யாரோ நிற்பதுபோல் பார்த்தார். எனக்குப் பின்னால் சுவர்தான் இருந்தது. களைத்துப்போனார் என்று நினைத்து நான் கைப்பேசியைக் கொஞ்சம் கிட்டக் கொண்டுபோனேன். என் வாழ்க்கையிலேயே மிக முக்கியமான கள அனுபவம் நடந்துகொண்டிருந்தபோது, பதிவு முடியும்வரை பற்றரி காணுமா என்று யோசித்துக்கொண்டிருந்தவள் நான்.

ஆய்வேட்டில் அந்த இடத்தைச் சேர்க்கவில்லை. என் மேற்பார்வையாளர் மட்டும் ஒருமுறை கேட்டார், பதிவு ஏன் அந்த நிமிடத்தில் வெட்டுப்பட்டிருக்கிறது என்று. குடும்ப விஷயம் என்றேன். டேனிஷ்காரர்கள் குடும்ப விஷயம் என்றால் மேலே கேட்கமாட்டார்கள். அதற்காகவே அவர்களை எனக்குப் பிடிக்கும்.

பட்டமும் கிடைத்தது. இன்றைக்கும் எங்கள் குடும்பத்தில் ஒரு விசேஷமென்றால் வாசலில் சந்தனம் வைக்கிறவர் முதலில் என் கைப்பேசியை வாங்கி ஒரு வெற்றிலைத் தட்டில் வைத்துவிடுவார். முழங்கால் நோவுக்கு இப்போது யாரும் என்னிடம் வருவதில்லை. அதற்குப் பதிலாக, சில பெண்கள் பேச்சை வேறு எங்கோ தொடங்கி, கடைசியில் குரலைத் தாழ்த்தி ஒரு பெயரைச் சொல்லிவிட்டு என் முகத்தையே பார்ப்பார்கள். நான் ஓம் என்று சொல்வதில்லை. அந்தப் பழக்கத்தை விட்டுவிட்டேன். கையை மட்டும் பிடித்துக்கொள்வேன்.

சரசு மாமி எல்லாக் காரியத்திலும் முன்னுக்கு நிற்கிறார். ஆராத்தி எடுக்க ஒருவர் வேண்டுமென்றால் இக்காஸ்டில் முதலில் அவரைத்தான் கேட்கிறார்கள். இப்போதைய படங்களில் தூணைத்தான் காணவில்லை.

விசேஷத்துக்கு யாராவது பிந்தி வந்தால் எங்கள் வீட்டில் ஒரு பகிடி உண்டு. ஐயர் பிந்தினாலும், மாப்பிள்ளை வீட்டார் பிந்தினாலும், சாப்பாட்டு வான் பிந்தினாலும் யாராவது ஒருவர் சொல்வார்: "பொறுங்கோ, கானாப் பக்கத்தால சுத்தி வாறார்." மாயா இதை டேனிஷில் மொழிபெயர்த்துத் தன் காதலனுக்கும் பழக்கிவிட்டிருக்கிறாள். எல்லோரும் சிரிப்போம். எல்லோரையும்விடப் பலமாகச் சிரிப்பது சரசு மாமிதான், கண்ணில் தண்ணீர் வரும்வரை. சிரித்து முடித்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு, தலைமுடியைச் சரிசெய்வார். பிறகு ஒரு தடவை வாசலைப் பார்ப்பார்.